மூன்றாவது ஃப்ளாப்பி

2002 கடைசி. திருச்சி தில்லைநகரில் மாடிப்படிக்குக் கீழே ஒரு பிரவுசிங் சென்டர். 6 கம்ப்யூட்டர், நடுவில் பிளைவுட் தடுப்பு, மணிக்கு 20 ரூபாய். நான் அப்போது இன்ஜினியரிங் மூன்றாம் வருடம். மற்றவர்கள் அங்கே எதற்கு வந்தார்கள் என்று எழுத வேண்டியதில்லை. நான் பாட்டு இறக்க வந்தேன், அதுவும் கடைகளில் கேட்டால் முகத்தைச் சுளிக்கிற மாதிரியான பாட்டு.

அன்று கிடைத்த கோப்பின் பெயர் 'ஏஃபெக்ஸ் ட்வின் - அன்ரிலீஸ்டு 7'. அளவு 4.1 எம்பி. ஒரு மணி நேரம் பச்சைக் கோடு நகர்வதைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். இறங்கியதும் அடுத்த சிக்கல், அதை ஹாஸ்டலுக்கு எப்படிக் கொண்டுபோவது? சிடி எழுதும் மெஷின் அன்றைக்கு மக்கர். பென் டிரைவ் என்ற பொருளை நான் விளம்பரத்தில் மட்டுமே பார்த்திருந்தேன். கடை அண்ணன் மேஜையைத் திறந்து 3 ஃப்ளாப்பி எடுத்துப் போட்டார். "தம்பி, வெட்டி எடுத்துட்டுப் போ. ஆனா ஃப்ளாப்பியைத் திருப்பித் தரணும், சொல்லிட்டேன்."

ஒரு ஃப்ளாப்பியில் 1.44 எம்பி. கோப்பைத் துண்டு போடும் ஒரு குட்டி மென்பொருளால் மூன்றாக வெட்டி, ஒவ்வொன்றாக ஏற்றி, சட்டைப் பையில் வைத்துக்கொண்டு சத்திரம் பஸ் ஸ்டாண்டில் பஸ் ஏறினேன். ஹாஸ்டலில் அறைத்தோழனின் கம்ப்யூட்டரில் முதல் ஃப்ளாப்பி, சரி. இரண்டாவது, சரி. மூன்றாவதைப் போட்டதும் அந்தச் சத்தம். ஃப்ளாப்பி உபயோகித்தவர்களுக்குத் தெரியும், மரத்தில் பல்லைத் தேய்ப்பது போல 'கர்ரக், கர்ரக்'. போச்சு.

முதல் இரண்டு துண்டுகளை மட்டும் ஒட்டிப் பார்த்தேன். எம்பி3 கோப்பு அறுந்தாலும் இருக்கிறவரை பாடும் என்பதால் அது பாட்டுக்குப் பாடியது. சரியாக 3 நிமிடம் 2 வினாடி. ஒரு பழைய ஆர்கன் மாதிரியான ஒலி, அடியில் மெதுவாகத் தடக்கிப் போகும் தாளம், மேலே யாரோ தூரத்தில் கிண்ணம் தட்டுவது போல ஒரு மெட்டு. அந்த மெட்டு மூன்றாவது முறை ஏறி வந்து உச்சியைத் தொடப்போகும் இடத்தில் பாட்டு அறுந்துவிடும். மறுநாள் போனால் அண்ணன் கம்ப்யூட்டரைச் சுத்தம் செய்திருந்தார். தன் கம்ப்யூட்டரிலிருந்து அந்தக் கோப்பை இணையம் வழியே பகிர்ந்திருந்த ஆசாமி இணைப்பில் இல்லை. அதற்கப்புறம் அவர் வரவே இல்லை.

ஏஃபெக்ஸ் ட்வின் என்றால் ரிச்சர்ட் டி. ஜேம்ஸ் என்ற எலக்ட்ரானிக் இசைக்காரர். 1971 ஆகஸ்ட் 18-இல் பிறந்தவர். அந்தத் தேதியை ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வரும். இங்கிலாந்தின் தென்மேற்கு மூலையில் உள்ள கார்ன்வாலில் வளர்ந்தார். ஒரு காலத்தில் வெள்ளீயச் சுரங்கங்களால் பிழைத்த ஊர்ப்பக்கம் அது. சிறுவயதிலிருந்தே சிந்தசைசர்களை, அதாவது மின்சாரத்தால் ஒலி உண்டாக்கும் இசைக்கருவிகளை, பிரித்து மாற்றி அமைத்து, வீட்டிலேயே பாட்டு போட்டு, கேசட்டில் பதிந்து நண்பர்களுக்குக் கொடுத்துக்கொண்டிருந்தவர். 1992-இல் வந்த 'செலக்டட் ஆம்பியன்ட் வொர்க்ஸ் 85–92' அந்தக் கேசட்டுகளிலிருந்து எடுத்ததுதான். தலைப்பிலேயே ஆண்டு இருக்கிறது, கணக்குப் போட்டால் 85-இல் அவருக்கு 13, 14 வயது. டேப்பின் உஸ்ஸென்ற இரைச்சல் அந்த ஆல்பத்தில் அப்படியே இருக்கும். எனக்கு அந்த இரைச்சல் இல்லாமல் அந்தப் பாட்டுகளைக் கற்பனை செய்ய முடியாது.

தலைப்பில் உள்ள 'செலக்டட்' என்ற சொல்தான் எங்களை எல்லாம் கெடுத்தது. தேர்ந்தெடுத்தவை இவை என்றால் தேர்ந்தெடுக்காதவை எங்கே? வீட்டில் எத்தனை கேசட் கிடக்கிறது? உலகம் முழுக்க ஒரு கூட்டம் இந்தக் கேள்வியை வைத்தே பல வருடம் ஓட்டியது. அவரும் எண்ணெய் ஊற்றிக்கொண்டே இருந்தார். ஒரு தடவை லெமன்ஹெட்ஸ் என்ற ராக் குழுவின் பாட்டுக்கு ரீமிக்ஸ் செய்து தர ஒப்புக்கொண்டு மறந்தே போனாராம். டேப்பை வாங்க கூரியர்காரர் வாசலில் வந்து நின்றதும், உள்ளே ஓடி, கைக்குக் கிடைத்த ஏதோ ஒரு பழைய டேப்பை எடுத்துக் கொடுத்து அனுப்பினாராம். அதற்கும் ரீமிக்ஸ் என்று கூலி! அந்தக் குழுவின் பாட்டோடு அதற்கு ஒட்டும் இல்லை, உறவும் இல்லை. இது ஜோக்காகச் சொல்லப்படும் கதைதான். ஆனால் எங்கள் கூட்டம் இதைக் கேட்டுச் சிரிக்கவில்லை. அந்த டேப்பில் என்ன பாட்டு இருந்தது என்று கவலைப்பட்டது.

இன்னொன்று விமானக் கதை. ஸ்காட்லாந்துக்குப் போகும் வழியில், வெளிவராத பாட்டுகள் நிறைந்த பிளேயர் ஒன்றை விமானத்திலேயே மறந்து வைத்துவிட்டதாகவும், யாராவது இணையத்தில் போட்டுவிடுவதற்குள் நாமே போட்டுவிடுவோம் என்றுதான் 2001-இல் 'டிரக்யூஎஸ்' ஆல்பத்தை வெளியிட்டதாகவும் பேட்டியில் சொன்னார். இரண்டு சிடி, 30 பாட்டு. பேட்டி எடுப்பவர்களைச் சுற்றலில் விடுவது அவருக்குப் பொழுதுபோக்கு என்பதால் இதில் எவ்வளவு நிஜம் என்பது அவருக்கே வெளிச்சம். ஆனால் அந்த ஆல்பத்தில் 'ஏவ்ரில் 14த்' என்று இரண்டு நிமிடத்துக்கு ஒரு பியானோத் துண்டு இருக்கிறது. கம்ப்யூட்டர் சொல்லச் சொல்லத் தானே கட்டைகளை அமுக்கும் பியானோவில் பதிந்தது. உற்றுக் கேட்டால் அந்தக் கட்டைகள் ஏறி இறங்கும் 'டொக் டொக்' கூடக் கேட்கும். எலக்ட்ரானிக் இசை என்றாலே காத தூரம் ஓடும் என் மனைவி ("இது பாட்டா, மிக்ஸி ரிப்பேரா?") அதை மட்டும் இன்னொரு தடவை போடச் சொல்வாள். பயத்தில் வெளியிட்ட ஆல்பத்தில் இப்படி ஒன்று என்றால், பத்திரமாகப் பூட்டி வைத்ததில் என்னென்ன இருக்கும்?

இந்தப் பசியில்தான் போலிகள் பிழைத்தன. யாராவது வீட்டில் உட்கார்ந்து சொந்தமாக ஒரு பாட்டு போடுவார்கள். தன் பெயரில் போட்டால் நாய்கூடச் சீண்டாது. 'ஏஃபெக்ஸ் ட்வின் - அன்ரிலீஸ்டு' என்று பெயர் வைத்துவிட்டால் ராத்திரியோடு ராத்திரியாக நூறு பேர் இறக்கிவிடுவார்கள். வேண்டுமென்றே செய்தவர்கள் பாதி, பெயர் தெரியாமல் குத்துமதிப்பாக வைத்தவர்கள் பாதி. நான் சேர்த்தது எல்லாமாக 71 கோப்புகள். 2005-இல் ஒரு சிடியில் எழுதி, மார்க்கர் பேனாவால் 'தொடாதே' என்று எழுதி வைத்தேன். 7-ஆம் எண்ணையும் சேர்த்துத்தான். அறுந்தபடியே.

அதை எழுதி வைத்தது புண்ணியம். அடுத்த வருடம் என் ஹார்ட் டிஸ்க் சத்தம் போட ஆரம்பித்தது. சரிபார்க்கக் கொடுத்த கடையில், "ஃபார்மேட் பண்ணி நல்லாக் கொடுத்துட்டேன் சார், இப்ப வேகமா ஓடும்" என்று பெருமையாகத் திருப்பிக் கொடுத்தார்கள். நானே அரைகுறையாகப் போட்டு வைத்திருந்த ஒரு டஜன் பாட்டும் அதோடு போயிற்று. அவற்றுக்காக உலகத்தில் யாரும் ஏங்கப்போவதில்லை, எனக்குமே இன்றைக்கு இரண்டுதான் ஞாபகம் இருக்கிறது. இப்போது ஒரு அலுவலகத்தில் சர்வர்களுக்கு பேக்கப் எடுப்பதுதான் என் வேலை. சிரிக்கலாம்.

2014-இல் நடந்ததைச் சொல்ல வேண்டும். 1994-இல் காஸ்டிக் விண்டோ என்ற புனைபெயரில் ஜேம்ஸ் ஒரு முழு ஆல்பம் போட்டார். அவரும் நண்பர் ஒருவரும் சேர்ந்து நடத்திய ரெஃப்லெக்ஸ் என்ற இசை வெளியீட்டு லேபிளில் வர வேண்டியது. இசைத்தட்டு அச்சடிக்குமுன் சரிபார்க்க நாலைந்து சோதனைப் பிரதி எடுப்பார்கள் இல்லையா, அதுவரை போய் அப்படியே நின்றுவிட்டது. அந்த நாலைந்து தட்டுகள் யார் யாரிடமோ இருந்தன. 20 வருடம் கழித்து அதில் ஒன்று விற்பனைக்கு வந்தது, விலை 13,500 டாலர்.

தனி ஆள் வாங்கிப் பீரோவில் வைத்துக்கொண்டால் கதை அதோடு முடிந்தது. ரசிகர்கள் ஒரு யோசனை செய்தார்கள். லேபிளிடமே அனுமதி பேசி, எல்லாரும் கிக்ஸ்டார்ட்டர் என்ற நிதி திரட்டும் தளத்தில் காசு போட்டு அந்தத் தட்டை வாங்குவது, அதிலிருந்து ஒலியைப் பதிந்து காசு போட்டவர்களுக்கு ஆளுக்கொரு டிஜிட்டல் பிரதி கொடுப்பது, அப்புறம் தட்டை ஏலம் விடுவது. 4,000-க்கும் மேற்பட்டவர்கள் சேர்ந்து 67,000 டாலருக்கு மேல் போட்டார்கள். நம் ஊர்க் கோயில் வரி மாதிரிதான், தலைக்குச் சுமார் 1,000 ரூபாய். என் கார்டு வெளிநாட்டுக்குச் செல்லாததால் சிங்கப்பூரில் இருக்கும் அத்தை மகனிடம் கெஞ்சிக் கட்டச் சொன்னேன். "எதுக்கு மாப்ள இது?" என்றான். "ஒரு பழைய ரெக்கார்டு." "சரி, வீட்டுக்கு வருமா?" "ரெக்கார்டு வராது, சத்தம் மட்டும் வரும்." ஒரு நிமிடம் பேசவில்லை. கட்டிவிட்டான்.

அந்தத் தட்டை ஏலத்தில் எடுத்தவர் மைன்கிராஃப்ட் விளையாட்டை உருவாக்கிய மார்க்கஸ் பெர்சன், 46,300 டாலருக்கு. கிடைத்த பணத்தில் ஒரு பங்கு எல்லைகளற்ற மருத்துவர்கள் அமைப்புக்கும் போனது. பாட்டு என் கைக்கு வந்த அன்று ஜூன் மாத வெயில், மின்சாரம் வேறு இல்லை. லேப்டாப் பேட்டரியில் ஹெட்போன் மாட்டிக் கேட்டேன். ஊசி தட்டில் இறங்கும் கரகரப்பு, அதற்குப் பின் 'ஃப்ளூட்டி' என்ற முதல் பாட்டு. நல்ல பாட்டு, மிகவும் நல்ல பாட்டு. ஆல்பத்தின் கடைசியில் யாருக்கோ போன் போட்டுக் குறும்பு செய்யும் பதிவுகள் இரண்டு. 20 வருடம் ஏங்கியதன் கடைசியில் ஒரு போன் விளையாட்டு! அவர் சுபாவத்துக்கு அது பொருத்தம்தான்.

ஆனால் உள்ளதைச் சொல்கிறேன், கேட்டு முடித்ததும் முதலில் தோன்றியது மகிழ்ச்சி இல்லை. 7-ஆம் எண் அதில் இல்லையே என்பதுதான்.

அந்த ஆகஸ்டில் லண்டன் வானத்தில் அவருடைய முத்திரை போட்ட பச்சை பலூன் பறந்தது. செப்டம்பரில் 'சைரோ' வந்தது. ஏஃபெக்ஸ் ட்வின் என்ற பெயரில் 13 வருடத்துக்குப் பின் வந்த ஆல்பம், கிராமி விருதும் வாங்கியது. அதைப் பற்றி எழுதப் பலர் இருக்கிறார்கள். எனக்குப் பெரிய சம்பவம் 2015 ஜனவரியில் நடந்தது. சவுண்ட்கிளவுட் என்ற பாட்டு பகிரும் தளத்தில் 'யூசர்' என்று தொடங்கிப் பின்னால் வெறும் எண்கள் கொண்ட ஒரு அனாமதேயக் கணக்கு. அதில் பாட்டுகள் வந்து விழ ஆரம்பித்தன, ஒரு நாளைக்கு ஐந்து, பத்து. கேட்டவர்களுக்குக் கை நடுங்கியது, இது அவருடைய கைதானே? அப்புறம் அந்தக் கணக்கு மாறி இன்னொன்று வந்தது. யூசர் 18081971. பிறந்த தேதியைத்தான் ஞாபகம் வைக்கச் சொன்னேனே.

சில மாதங்களில் எண்ணிக்கை 200-ஐத் தாண்டியது. எல்லாம் இலவசம். 80-களின் கடைசியில் கேசட்டில் பதிந்தவை முதல் அண்மைக்காலம் வரை. பழைய மர்மங்கள் சில அவிழ்ந்தன. அவருடைய ஆல்பங்களில் 'கேல்க்ஸ்' என்ற பெயரில் ஒரு வரிசை உண்டு. 1992-இல் 'கிரீன் கேல்க்ஸ்', 1994-இல் 'புளூ கேல்க்ஸ்', 1996-இல் 'யெல்லோ கேல்க்ஸ்'. பச்சை, நீலம், மஞ்சள் இருக்கிறதே, சிவப்பு எங்கே என்று நாங்கள் கேட்டுக்கொண்டே இருந்தோம். இதோ, மற்ற பாட்டுகளுக்கு நடுவில் 'ரெட் கேல்க்ஸ்' சாதாரணமாக உட்கார்ந்திருந்தது, கல்யாணத்தில் தொலைந்த குழந்தை பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டுக்கொண்டிருப்பது போல.

ஏன் இப்படிக் கொட்டினார் என்பதற்கு அவர் சொன்ன காரணங்களில் ஒன்று எனக்கு மறக்கவில்லை. நாளைக்குத் தனக்கு ஏதாவது ஆனால், இத்தனை பாட்டையும் வைத்துக்கொண்டு என்ன செய்வதென்று மனைவியும் பிள்ளைகளும் முழிக்க வேண்டாம் என்கிற மாதிரி சொன்னார். அப்பா செத்த வீட்டில் பரணைச் சுத்தம் செய்தவர்களுக்கு இந்தப் பேச்சு புரியும்.

பரண் என்றதும் டீலியா டார்பிஷர் ஞாபகம் வருகிறார். 1963-இல் 'டாக்டர் ஹூ' என்ற பிரிட்டிஷ் டிவித் தொடரின் தொடக்க இசையை பிபிசியின் பட்டறையில் உருவாக்கியவர். மெட்டு ரான் கிரெய்னர் எழுதியது. அதை ஒலியாக்கியது இவர், சிந்தசைசர் என்று எதுவும் கையில் இல்லாத காலத்தில், டேப்பைக் கத்தரித்து, ஒட்டி, ஒவ்வொரு சுரமாக. 2001-இல் இறந்தார். வீட்டுப் பரணில், கார்ன்ஃப்ளேக்ஸ் மாதிரியான காலை உணவு வரும் அட்டைப் பெட்டிகளுக்குள் 267 டேப்புகள் கிடந்தன. இன்று அவை மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தின் பொறுப்பில் இருக்கின்றன. அதில் ஒரு டேப்பில், 60-களின் கடைசியில் செய்தது, இன்றைய நடன இசை போலவே ஒரு சின்னத் துண்டு. இதை விட்டுவிடுங்கள், சும்மா ஒரு ஆர்வத்துக்குத்தான் என்று அவரே அந்த டேப்பில் பேசியிருக்கிறார்! 2008-இல் அது வெளியே வந்தபோது, ஆர்பிட்டல் என்ற எலக்ட்ரானிக் இசைக் குழுவின் பால் ஹார்ட்னால், இது அடுத்த வாரம் வார்ப் லேபிளில் வெளிவரும் பாட்டு என்றாலும் நம்பலாம் என்கிற பொருளில் வியந்தார். வார்ப், நம் ஆளின் லேபிள். சும்மா ஆர்வத்துக்கு என்று ஒதுக்கியது 40 வருடம் பரணில் தூங்கியிருக்கிறது.

எனக்கு இதில் ஒரு வித்தியாசம் தெரிகிறது. டார்பிஷரின் டேப்புகள் நிஜமாகவே தொலைந்திருக்கக்கூடியவை. வீட்டைக் காலி செய்தவருக்கு ஒரு பிற்பகல் பொறுமை போயிருந்தால் 267-ம் குப்பை வண்டியில். ஜேம்ஸின் பாட்டுகள் தொலையவில்லை, அவர் கொடுக்கவில்லை, அவ்வளவே. பூட்டிய பீரோவைப் பார்த்துப் 'புதையல் காணாமல் போயிற்று' என்று நாங்கள்தான் ஊரைக் கூட்டினோம். அது அவர் பீரோ.

சரி, 200 பாட்டுக்கு வருவோம். எல்லாவற்றையும் இறக்கி வைத்தேன். முதல் வாரம் தூங்கவில்லை. இரண்டாவது வாரம் அலுப்பு தட்டியது. ஒரு பாட்டுக்காக மணிக்கு 20 ரூபாய் கட்டிக் காத்திருந்தவன், இப்போது 30 வினாடி கேட்டுவிட்டு அடுத்ததற்குத் தாவினேன். நிறைய பாட்டுகள் அரைவேக்காடு. ஏன் வெளியிடவில்லை என்று கேட்டவுடனே புரிந்தது. கிட்டத்தட்ட 20 பாட்டு அவருடைய எந்த ஆல்பத்திலும் முதல் வரிசையில் உட்காரக்கூடியவை, அவற்றை இன்னமும் கேட்கிறேன். மீதி? எங்கோ ஒரு ஃபோல்டரில் இருக்கிறது. நான் பேக்கப் எடுக்கும் சர்வர்களில் யாருமே திறக்காத கோப்புகள் எப்படி இருக்குமோ அப்படி.

ஆனாலும் கடைசிவரை ஒவ்வொன்றையும் தொட்டுப் பார்த்தேன், 7-ஆம் எண்ணைத் தேடி. அந்த ஆர்கன், அந்தக் கிண்ணம். வரவில்லை. பிறகு ஒரு நாள், ரசிகர்கள் வருடக்கணக்காகக் கட்டி வைத்திருக்கும் போலிகள் பட்டியலைப் பொறுமையாகப் படித்தேன். என்னுடைய 71-இல் 30-க்கு மேல் அதில் இருந்தன. பெரும்பாலானவற்றுக்கு நேராக நிஜமாகப் போட்டவரின் பெயரும் இருந்தது. என் கோப்பின் பெயருக்கு நேராக, 'அவருடையது அல்ல, யாருடையது என்று தெரியவில்லை' என்பது போல ஒரே வரி.

கொஞ்ச நேரம் சும்மா உட்கார்ந்திருந்தேன். 13 வருடம் ஒரு மேதையின் கைவண்ணம் என்று கேட்டது. "பாரு, இந்த இடத்துல தாளத்தை எப்படி நழுவ விடறார் பாரு" என்று அறைத்தோழனைப் படுத்தியெடுத்தது. அது யாரோ ஒரு பையன். என் வயதே இருக்கலாம். எந்த ஊரோ. தன் பாட்டை யாராவது கேட்கட்டும் என்று அடுத்தவர் பெயரை ஒட்டினானோ, அல்லது அவனிடமிருந்து வாங்கிய இன்னொருவன் ஒட்டினானோ. பாட்டு ஊர் ஊராகப் போனது, அவன் பெயர் போகவில்லை. என் ஹார்ட் டிஸ்க்கில் போன பாட்டுகளுக்கும் இதற்கும் என்ன பெரிய வித்தியாசம்? இதற்கு ஒரு கள்ளப் பெயர் இருந்ததால் பிழைத்தது.

பாட்டைக் கேட்டால் பெயர் சொல்லும் செயலிகள் எல்லாவற்றுக்கும் போட்டுக் காட்டிவிட்டேன். எதற்கும் தெரியவில்லை. ஒரு செயலி மட்டும் ஒரு பக்திப் பாடலின் பெயரைச் சொன்னது. அடுத்த தடவை அதையும் சொல்லவில்லை.

இந்த ஏப்ரலில் வீடு மாறினோம். 'தொடாதே' சிடி ஒரு அட்டைப் பெட்டியில் பழைய சார்ஜர்களுக்கு நடுவில் கிடைத்தது. ஓரமாகப் பூஞ்சை பூத்திருந்தது. நல்லவேளை, கோப்புகளை எப்போதோ வேறு இடத்துக்கு மாற்றியிருந்தேன். புது வீட்டுக் கூடத்தில் திரைச்சீலை மாட்டுவதற்குள் ஸ்பீக்கரை மாட்டி, சும்மா அதைத்தான் போட்டேன். மகளுக்கு 9 வயது. பிறந்ததிலிருந்து இதைக் கேட்டு வளர்ந்தவள், இது ஏஃபெக்ஸ் ட்வினா, எதிர் வீட்டு ட்வினா என்றெல்லாம் அவளுக்குக் கவலை இல்லை. புத்தகங்களை அலமாரியில் அடுக்கிக்கொண்டே கூடவே முனகினாள். கிண்ண மெட்டு இரண்டு முறை வந்து போனது, மூன்றாவது முறை ஏறியது. 3 நிமிடம் 2 வினாடி. பாட்டு அறுந்தது.

வழக்கம்போல எனக்கு ஒரு கணம் மூச்சு நின்றது. அவளும் அதே நொடியில் முனகலை நிறுத்திவிட்டு அடுத்த புத்தகத்தை எடுத்தாள். அவளுக்கு அந்தப் பாட்டு அங்கேதான் முடிகிறது.